சுள்ளிக்கல்லில் இறங்காதவர்கள்

எர்ணாகுளத்திலிருந்து தோப்பும்படி வழியாக வரும் பஸ் சுள்ளிக்கல்லில் நிற்கும்போது, இறங்குகிறவர்கள் கையில் மீன் பை இருக்கும், ஸ்கூல் பை இருக்கும், கருவேலிப்படி அரசு ஆஸ்பத்திரியின் மருந்துச் சீட்டு இருக்கும். கழுத்தில் கேமரா தொங்காது. கேமராக்காரர்கள் டாக்ஸிக் கண்ணாடியை ஏற்றிவிட்டபடி இந்தப் பக்கத்தைக் கடந்துபோய், ஒன்றிரண்டு கிலோமீட்டர் தள்ளி, மட்டாஞ்சேரி ஜூ டவுனில் இறங்குகிறார்கள்.

அவர்களைக் குறை சொல்ல முடியாது. சுள்ளிக்கல்லில் பார்க்க என்ன இருக்கிறது? பலசரக்குக் கடை, பேக்கரி, ஆட்டோ ஸ்டாண்ட், நெருக்கியடித்த வீடுகள். கொச்சியைப் பற்றிய எந்த வழிகாட்டிப் புத்தகமும் இந்தப் பெயருக்கு ஒரு வரி ஒதுக்குவதில்லை. ஆனால் மட்டாஞ்சேரி என்கிற பழைய ஊர் இன்னும் ஊராக இருக்கிறதென்றால், அதற்குக் காரணம் சுள்ளிக்கல், கொச்சங்காடி, பனயப்பிள்ளி, கருவேலிப்படி போன்ற, யாரும் படம் எடுக்காத பகுதிகள்தான். படம் எடுக்கப்படும் பகுதிக்கு என்ன ஆயிற்று என்பதை முதலில் பார்த்துவிடலாம்.

ஒரே ஒருவர்

ஜூ டவுன் தெருவின் கோடியில் இருக்கிறது பரதேசி யூதர்களின் ஜெப ஆலயம். ஊர்க்காரர்கள் வாயில் அது யூதப் பள்ளி. 1568இல் கட்டப்பட்டது. கொடுங்கல்லூர்ப் பக்கத்திலிருந்து ஒதுங்கி வந்த யூதர்களுக்குக் கொச்சி ராஜா தன் அரண்மனைக்குப் பக்கத்திலேயே இடம் கொடுத்தார். அரண்மனை, பழயன்னூர் பகவதி கோயில், யூதப் பள்ளி மூன்றும் ஏறக்குறைய மதிலோடு மதில் ஒட்டி நிற்கின்றன. டச்சுக்காரர்களுக்கு உதவினார்கள் என்று 1662இல் போர்த்துக்கீசியர்கள் பள்ளியைச் சூறையாடினார்கள். அடுத்த வருடமே கொச்சி டச்சுக்காரர் கைக்குப் போக, பள்ளி மறுபடி எழுந்தது. 18ஆம் நூற்றாண்டில் எசக்கியேல் ராஹாபி என்ற பெருவணிகர் மணிக்கூண்டு கட்டினார். சீனத்துக் கான்டன் நகரிலிருந்து நீலமும் வெள்ளையுமாகக் கையால் வரைந்த ஓடுகளை வரவழைத்துத் தரையில் பதித்தார். ஒன்றைப் போல் இன்னொன்று இருக்காது என்று கைடுகள் அடித்துச் சொல்வார்கள். குனிந்து பார்க்கிற பொறுமை இருப்பவர்களுக்கு ஒரே மாதிரி சித்திரம் திரும்பத் திரும்ப வருவது தெரியும். அதனால் அழகு ஒன்றும் குறைந்துவிடவில்லை.

தமிழர்கள் இங்கே கொஞ்சம் கூடுதல் நேரம் நிற்கக் காரணம் உண்டு. இந்தச் சமூகத்தின் மூலப் பத்திரம் இரண்டு செப்பேடுகள். சுமார் கி.பி. 1000இல் சேர அரசன் பாஸ்கர ரவி, ஜோசப் ரப்பான் என்ற யூத வணிகத் தலைவனுக்கு அஞ்சுவண்ணம் என்ற வணிகக் குழுவின் தலைமையையும் எழுபத்திரண்டு விடுபேறுகளையும் கொடுத்த ஆவணம் அது. எழுத்து வட்டெழுத்து. மொழியைச் சிலர் பழைய மலையாளம் என்பார்கள், சிலர் மேற்குக் கரைத் தமிழ் என்பார்கள். பகல் விளக்கு, பாவாடை, குடை, வடுகப்பறை, தோரணம் என்று அடுக்கிக்கொண்டு போகும் அந்த மரியாதைகளைப் புரிந்துகொள்ள நமக்கு அகராதி அதிகம் தேவைப்படாது. 2017 ஜூலையில் இஸ்ரேல் போன பிரதமர் மோடி, நெதன்யாகுவுக்குக் கொடுத்த பரிசில் இந்தச் செப்பேடுகளின் நகலும் இருந்தது.

ஆயிரம் வருடம் தாங்கிய அந்தச் சமூகம், நம் தாத்தா பாட்டிகள் காலத்தில் கரைந்துபோனது. 1940களில் கொச்சி யூதர்கள் மொத்தம் ஏறத்தாழ 2,500 பேர். 1948இல் இஸ்ரேல் பிறந்தது. 1950களில் பெரும்பாலோர் கூட்டம் கூட்டமாகக் கிளம்பிப் போனார்கள். யாரும் துரத்தவில்லை. உலகத்தில் யூதர்கள் துன்புறுத்தப்படாமல் வாழ்ந்த சில இடங்களில் ஒன்று என்று கொச்சியை அவர்களே சொல்லிக்கொள்வார்கள். பிழைப்பு, கல்யாணத்துக்கு மாப்பிள்ளை பெண் கிடைப்பது, வேதம் சொன்ன மண் என்கிற பக்தி, எல்லாம் சேர்ந்து இழுத்தது. 1968இல் பள்ளியின் நானூறாவது ஆண்டு விழாவுக்கு இந்திரா காந்தி வந்தார், தபால்தலை வெளியிட்டார்கள். விழாவின்போதே தெருவில் வீடுகள் கைமாறத் தொடங்கியிருந்தன.

ஜன்னல் ஓரம் உட்கார்ந்து துணியில் பூ வேலை செய்துகொண்டிருந்த சாரா கோஹனை ஜூ டவுன் போன பலருக்கு நினைவிருக்கும். 2019இல் 96 வயதில் காலமானார். கடைசிக் காலத்தில் அவரைப் பார்த்துக்கொண்டதும், அவருடைய கடையைக் காப்பாற்றியதும், யூதர்கள் தலையில் வைக்கும் கிப்பாவைத் தைக்கக் கற்றுக்கொண்டதும் ஒரு முஸ்லிம் குடும்பம். 2024 ஆகஸ்டில் குவீனி ஹல்லேகுவாவும் 89 வயதில் போய்ச் சேர்ந்தார். கொச்சிக்கு மின்சாரக் கம்பெனி நடத்திய எஸ்.எஸ். கோடரின் மகள் அவர். அவருக்குப் பிறகு பரதேசி யூதர்களில் மட்டாஞ்சேரியில் மிஞ்சியது ஒரே ஒருவர். முறைப்படி கூட்டுத் தொழுகை நடத்த பதின்மூன்று வயது தாண்டிய ஆண்கள் பத்துப் பேர் வேண்டும். வெளியூர் யூதப் பயணிகள் தற்செயலாகச் சேர்ந்தால்தான் அந்தக் கணக்கு தேறும்.

தெருவில் இப்போது வீடுகள் கிடையாது, கடைகள்தான். காஷ்மீர் சால்வை, ராஜஸ்தான் பொம்மை, ஏலக்காய்ப் பொட்டலம், பழம்பொருள். இந்தப் பழம்பொருள் கடைகளில் ஒரு சுற்றுச் சுற்றினால் செட்டிநாட்டுத் தேக்குத் தூண், நிலைக்கதவு, எனாமல் தூக்குச்சட்டி எல்லாம் கண்ணில் படும். காரைக்குடி முனீஸ்வரன் கோவில் தெருவில் பார்த்த அதே சாமான்தான், விலை மட்டும் டாலர் பேசும். ஆள் இல்லாமல் போன ஓர் ஊரின் கதவை, ஆள் இல்லாமல் போன இன்னோர் ஊரில் வைத்து விற்கிறார்கள். வாங்குகிறவர் மூன்றாவது ஓர் ஊரில் கொண்டுபோய் மாட்டப்போகிறார்.

பரதேசிகள் மட்டும்தான் யூதர்களா?

ஜூ டவுனைப் பார்த்துவிட்டுத் திரும்புகிறவர்களுக்குத் தெரியாமலே போகும் சமாச்சாரம் ஒன்று. பரதேசிகள் என்பவர்கள் பின்னால் வந்தவர்கள். ஸ்பெயின், சிரியா, பாக்தாத் வழியாக வந்த குடும்பங்கள். அவர்களுக்கு முன்பிருந்தே இருந்தவர்கள் மலபாரி யூதர்கள். அவர்களின் பழைய பள்ளி ஒன்று கொச்சங்காடியில் இருந்தது. 1344ஆம் ஆண்டைச் சேர்ந்த அதன் கல்வெட்டை எடுத்துவந்து பரதேசிப் பள்ளி வளாகத்தில் பதித்து வைத்திருக்கிறார்கள். கொச்சங்காடி, சுள்ளிக்கல்லின் அக்கம்பக்கத்து ஊர். ஆக, இந்த வட்டாரத்து யூத வரலாற்றின் மிகப் பழைய கல், டூரிஸ்ட் போகாத பக்கத்திலிருந்து டூரிஸ்ட் போகிற பக்கத்துக்கு வந்து சேர்ந்தது.

நிறத்தை வைத்து வெள்ளை யூதர், கறுப்பு யூதர் என்று பிரிந்து கிடந்தார்கள். விடுதலை பெற்ற அடிமைகளின் வழி வந்த யூதர்களுக்குப் பரதேசிப் பள்ளியில் பெஞ்சில் உட்கார உரிமை இருக்கவில்லை. முன்கூடத்துத் தரையில் உட்கார வேண்டியிருந்தது. சென்னையில் சட்டம் படித்துத் திரும்பிய ஏ.பி. சேலம் அந்தப் பிரிவில் பிறந்தவர். காந்தியின் வழியைப் பள்ளிக்குள்ளேயே கொண்டுபோய்ச் சத்தியாகிரகம் செய்தார். யூத காந்தி என்ற பெயர் அப்படி வந்தது. நம்மூர்க் கோயில் நுழைவுப் போராட்டம் அறிந்தவர்களுக்கு இந்தக் கதையில் புதிதாக விளக்க ஒன்றுமில்லை. சாதி எந்த மதத்தின் வாசலிலும் செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு உள்ளே போவதில்லை.

மலபாரி யூதர்களின் கடவும்பாகம் பள்ளிக்கு நேர்ந்ததையும் சொல்லிவிட வேண்டும். மட்டாஞ்சேரியில் 16ஆம் நூற்றாண்டில் கட்டியது. சபையார் இஸ்ரேல் போனபின் கட்டடம் கைமாறிக் கிடங்காயிற்று. மரச்சிற்ப வேலைப்பாடுள்ள அதன் உட்புறத்தை வாங்கிப் பிரித்து எடுத்துப்போய், 1990களில் ஜெருசலேமின் இஸ்ரேல் அருங்காட்சியகத்தில் பொருத்திவிட்டார்கள். சுவர் மட்டும் இங்கே நின்றது. 2019 செப்டம்பர் மழையில் அதன் முன்பகுதி இடிந்து விழுந்தது. பரதேசிப் பள்ளி வாசலில் டிக்கெட் வரிசை நிற்கும் அதே மட்டாஞ்சேரியில்தான் இதுவும் நடந்தது.

இதனால்தான், டூரிஸம் ஊரைக் கெடுத்துவிட்டது என்று ஒரே வாயாகச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. பயணிகள் வராத பள்ளி மண்ணானது. வந்த பள்ளி பிழைத்தது, ஆனால் தொழ ஆளில்லை.

மலை மேலிருந்து இறங்கியவர்கள்

பிரான்ஸில் இந்தக் கதைக்கு இன்னொரு வடிவம் உண்டு. அங்கே குன்றுச்சி மேல் கல்வீடுகள் அடுக்கிய கிராமங்கள் நூற்றுக்கணக்கில் இருக்கின்றன. கோர்த், சான்-சீர்க்-லாபொப்பி, எஸ், சான்-போல்-த-வான்ஸ் என்று காலண்டரில் பார்த்திருப்போம். கொள்ளைக்காரனுக்கும் சண்டைக்கும் பயந்து மத்திய காலத்தில் மேலே ஏறிக் கட்டிய ஊர்கள் அவை. பயம் தீர்ந்ததும் மலை சுமையாகிவிட்டது. தண்ணீர் தூக்க வேண்டும், வண்டி ஏறாது, வயல் கீழே, ரயிலும் கீழே. 19ஆம் நூற்றாண்டிலிருந்து குடும்பம் குடும்பமாகச் சமவெளிக்கு இறங்கினார்கள். புரோவான்ஸில் ஒப்பேத்-லெ-வியே என்ற ஊரில் ஜனங்கள் ஊரையே அடிவாரத்துக்கு மாற்றிக்கொண்டார்கள். மேலே இடிபாடு நின்றது. சான்-சீர்க்-லாபொப்பி, பீப்பாய்க்கு மரக்குழாய் கடைகிற தச்சர்களின் ஊர். தச்சர்கள் போனபின் ஓவியர்களும் கவிஞர்களும் வந்தார்கள். ஆந்த்ரே பிரெத்தோன் 1950களில் அங்கே வீடு வாங்கிக் கோடைதோறும் தங்கினார். கலைஞர்களின் பின்னால் பயணிகள், பயணிகளின் பின்னால் ஐஸ்கிரீம் கடை.

1982இல் கொலோஞ்ச்-லா-ரூஜ் என்ற செங்கல் நிறக் கிராமத்தின் மேயர் ஷார்ல் செராக், பிரான்ஸின் அழகிய கிராமங்களுக்கென ஒரு சங்கம் தொடங்கினார். விதிகள் கறாரானவை. மக்கள்தொகை 2,000க்கு மேல் இருக்கக் கூடாது. பாதுகாக்கப்பட்ட சின்னங்கள் குறைந்தது இரண்டு இருக்க வேண்டும். ஊராட்சி மன்றம் தானே விண்ணப்பிக்க வேண்டும். செத்துக்கொண்டிருந்த ஊர்களுக்கு உயிர் கொடுப்பதுதான் நோக்கம். பல ஊர்களில் கூரை திரும்ப வந்தது, கோடையில் வருமானம் வந்தது. குளிர்காலத்தில் போனால் ஜன்னல்கள் மூடியிருக்கும். நிரந்தரமாகக் குடியிருப்பவர்கள் மலைக்குக் கீழே, புதுக் குடியிருப்பில் இருப்பார்கள். அங்கே சூப்பர் மார்க்கெட், பள்ளிக்கூடம், டாக்டர் எல்லாம் உண்டு. போஸ்ட் கார்டில் அந்தக் குடியிருப்பு வருவதில்லை.

சுள்ளிக்கல்லை நான் அந்த அடிவாரமாகத்தான் பார்க்கிறேன். கொச்சியில் மலை கிடையாது, எல்லாம் கடல் மட்டம்; கடல் ஏற்றத்தின்போது கல்வத்தி ராமேஸ்வரம் கால்வாய் ஓரத்து வீடுகளுக்குள் தண்ணீர் எட்டிப் பார்க்கிற அளவுக்குத் தாழ்வு. ஆனால் ஏற்பாடு ஒன்றுதான். மேலே காட்சி, கீழே குடித்தனம்.

செட்டிநாடும் இந்த வரிசையில் சேரும். 2014இலிருந்து யுனெஸ்கோவின் உத்தேசப் பட்டியலில் இருக்கிறது. அங்கே இன்னும் பங்காளிகள் பொங்கலுக்கும் படைப்புக்கும் சாவி எடுத்துக்கொண்டு வருகிறார்கள். அந்த வழக்கம் இருக்கும்வரை அது ஊர்.

மிளகும் சாப்பாவும்

மட்டாஞ்சேரி முழுக்க ஜூ டவுன் ஆகிவிடவில்லை என்பதுதான் நல்ல செய்தி. பஜார் ரோட்டில் லாரி நிற்கிறது, அரிசி மூட்டை இறங்குகிறது, சுக்கு நெடி மூக்கில் ஏறுகிறது. மிளகு வணிகர்களின் சங்கம் 1957இல் ஜூ டவுனில்தான் தொடங்கியது. வியாபாரிகள் ஒரு கூடத்தில் கூடித் தொண்டை கிழியக் கத்தி முன்பேர வணிகம் செய்வார்கள். உலக மிளகு விலையின் நாடியை அங்கே பிடித்துப் பார்த்த காலம் உண்டு. கம்ப்யூட்டர் வந்தபின் கூச்சல் அடங்கிற்று. குஜராத்திகள், கொங்கணிகள், கச்சி மேமன்கள், ஜைனர்கள், தமிழர்கள் என்று முப்பதுக்கு மேற்பட்ட சமூகங்கள் இந்தச் சின்னப் பரப்பில் வாழ்கின்றன. போனி தாமஸ் என்பவர் கொச்சிக்காரர்களைப் பற்றி மலையாளத்தில் ஒரு புத்தகமே எழுதியிருக்கிறார்.

மிளகைச் சுமந்தவர்களின் கதையை எந்தப் பலகையும் சொல்வதில்லை. துறைமுகத்தில் அப்போது சாப்பா என்றொரு முறை. விடியற்காலை கூலிக்காரர்கள் கூடி நிற்பார்கள். மூப்பன் என்கிற கங்காணி வந்து உலோக வில்லைகளைக் கூட்டத்துக்குள் வீசி எறிவான். எட்டிப் பிடித்தவனுக்கு அன்று வேலை. ஒருவர் மேல் ஒருவர் விழுந்து, கை ஒடிந்து, மண்டை உடைந்து அந்த வில்லைக்காக அடித்துக்கொள்ள வேண்டும். இதை எதிர்த்த போராட்டத்தில் 1953 செப்டம்பர் 15 அன்று மட்டாஞ்சேரியில் போலீஸ் சுட்டது. சைது, சைதலவி இருவரும் குண்டுக்குப் பலியானார்கள்; ஆன்டனி போலீஸ் பிடியில் அடிபட்டு இறந்தார். கே.எம். சிதம்பரன் இதை நாடகமாக எழுதினார். அதை வைத்து ராஜீவ் ரவி எடுத்த ‘துறமுகம்’ 2023இல் வெளியானது. நிவின் பாலி நடித்தும் தமிழ்நாட்டில் அதிகம் பேர் பார்க்கவில்லை. ஜூ டவுனுக்குப் போகும் முன் பார்த்துவிட்டுப் போனால், அந்தக் கிடங்குகள் வேறு மாதிரி தெரியும். இப்போது அதே மாதிரிக் கிடங்குகளில் காபி ஷாப்பும், 2012இல் தொடங்கிய கொச்சி முசிரிஸ் பினாலேயின் ஓவியங்களும் இருக்கின்றன. பினாலே மேல் எனக்குக் கோபமில்லை; பூட்டிக் கிடந்த கூரைகளின் கீழ் ஜனங்கள் திரும்ப வந்தார்கள். வந்தவர்களில் சுள்ளிக்கல் பையன்களும் இருந்தார்கள்.

தண்ணீர்தான் கேள்வி

பிரெஞ்சு மலைக்கிராமங்களைக் காலி செய்ததில் தண்ணீருக்கும் பங்கு உண்டு. மேற்குக் கொச்சியிலும் அதே பிரச்சினை, வேறு தினுசில். சுற்றிலும் காயலும் கடலும். கிணற்று நீர் உப்பு. குடிநீர் தொலைவிலிருந்து குழாயில் வர வேண்டும். 2023 தொடக்கத்தில் பாழூர் பம்ப் ஹவுஸ் மோட்டார்கள் பழுதானபோது, மேற்குக் கொச்சிக்காரர்கள் வாரக்கணக்கில் குடத்தோடு டேங்கர் லாரிக்குக் காத்து நின்றார்கள். ஹோட்டல்காரர் லாரித் தண்ணீர் வாங்கிவிடுவார். இரண்டு அறை வீட்டில் ஏழு பேர் இருக்கும் குடும்பம் என்ன செய்யும்?

தண்ணீருக்கு அடுத்தது இடம். பழைய கட்டடத்தைத் தொடக் கூடாது, உயரம் ஏற்றக் கூடாது என்ற பாரம்பரியக் கட்டுப்பாடுகள் தெருவின் முகத்தைக் காப்பாற்றுகின்றன. ஹோம்ஸ்டே வருமானம் வீட்டு வாடகையை ஏற்றுகிறது. முகம் காப்பாற்றப்படும் தெருவில் கல்யாணமான இரண்டாவது மகனுக்கு ஓர் அறை சேர்த்துக் கட்ட முடியாது. அவன் பள்ளுருத்திக்கோ அதற்கும் தெற்கேயோ போய்விடுகிறான். அதனால்தான் துருத்தியில் கொச்சி மாநகராட்சி கட்டி 2025இல் திறந்த இரட்டை அடுக்குமாடியை, ஜூ டவுன் ஓட்டுக்கூரைகளுக்குப் பொருந்தவில்லையே என்று முகம் சுளிக்கிறவர்களோடு நான் சேரமாட்டேன். நானூறு குடும்பங்களுக்குச் சற்றுக் குறைவாக அங்கே வீடு கிடைத்திருக்கிறது. இந்த ஊரில் பாரம்பரியத்துக்குச் செலவழித்த பணத்திலேயே உருப்படியானது அது என்பேன், பாரம்பரியக் கணக்கில் அது எழுதப்பட்டிருக்காது என்றாலும்.

வண்ணார்களும் இந்தக் கணக்கில் வருகிறவர்கள். டச்சுக்காரர்கள் தங்கள் பட்டாளத்துத் துணி வெளுக்கத் தமிழ்நாட்டிலிருந்து கூட்டிவந்த குடும்பங்கள் என்பது அவர்கள் சொல்லும் வரலாறு. ஃபோர்ட் கொச்சியில் வெளி மைதானத்துப் பக்கம், 1970களில் கட்டிக்கொடுத்த டோபிகானாவில் ஆளுக்கொரு துவைகல், ஆளுக்கொரு தொட்டி. சங்கம் நிர்வகிக்கிறது. இரட்டையாக முறுக்கிய கயிற்றின் நடுவே துணி முனையைச் செருகிவிடுவார்கள். கிளிப் வேண்டாம், காற்றுக்குப் பறக்காது. கஞ்சி போட்டு, கரி இஸ்திரிப் பெட்டியில் தேய்ப்பார்கள். வெளிநாட்டுப் பயணிகள் கும்பலாக வந்து படமெடுக்கிறார்கள். வாஷிங் மெஷின் வந்தபின் வீட்டுத் துணி குறைந்துபோய், ஹோட்டல் போர்வைதான் சோறு போடுகிறது. டூரிஸ்ட் அவர்களைப் பார்ப்பதால் ஒன்றும் கிடைக்காது. டூரிஸ்ட் படுத்து எழுந்த போர்வை வந்தால் கூலி கிடைக்கும். பிள்ளைகள் படித்து வேறு வேலைக்குப் போகிறார்கள். போகட்டும். துவைகல்லில் ஒரு தலைமுறையைக் கட்டிப்போட்டுப் பார்த்து ரசிக்க யாருக்கும் உரிமை இல்லை.

கிளம்புகிறவர்களுக்குச் சில உபயோகத் தகவல்கள். எர்ணாகுளத்திலிருந்து வாட்டர் மெட்ரோ படகு 2025 முதல் மட்டாஞ்சேரி வரைக்கும் வருகிறது. யூதப் பள்ளி சனிக்கிழமை திறக்காது, வெள்ளி மதியத்தோடு மூடிவிடும். அரண்மனைக்கு வெள்ளி விடுமுறை. அந்த நாளில் போய் மாட்டிக்கொண்டால் கவலை வேண்டாம். பஜார் ரோட்டில் நடந்து, செர்லாயில் கொங்கணிகளின் திருமலை தேவஸ்வம் கோயிலைப் பார்த்து, நியூ ரோட்டில் காயிக்கா கடை பிரியாணிக்கு மதியத்துக்கு முன்பே போய் உட்காருங்கள்; சட்டி காலியாகிவிட்டால் ரொட்டிதான். பிறகு கொச்சங்காடி வழியாகச் சந்துகளில் நடக்கலாம். இரண்டு நாள் தங்குவதாக இருந்தால் அழுக்குத் துணியை வெளி டோபிகானாவில் போடுங்கள். மறுநாள் மடிப்புக் கலையாமல் திரும்பி வரும். கூலியைத் தமிழிலேயே பேசிக்கொள்ளலாம், ஆனால் அதிகம் குறைக்க முடியாது.